காற்றுக்குறி காற்றை உண்டாக்குவதில்லை

மந்திர உலகக் கதைகளில் ஒரு காட்சி தவறாமல் வரும். ஒருவர் தரையில் குறி ஒன்றை வரைவார். வரைந்து முடித்ததும் அது மின்னும். அடுத்த நொடி சூறைக்காற்று. அந்தக் காற்று எங்கிருந்து வந்தது, எங்கே போய்ச் சேர்ந்தது, எதிரியைத் தூக்கி எறிகிற காற்று வரைந்தவரை மட்டும் ஏன் விட்டுவைத்தது என்றெல்லாம் யாரும் கேட்பதில்லை.

நான் கேட்க வேண்டியதாகிவிட்டது. நண்பர்களோடு ஆடும் கதை விளையாட்டு ஒன்றுக்காகக் கற்பனை உலகம் ஒன்றைக் கட்டி வைத்திருக்கிறேன். அந்த உலகத்தில் மந்திரம் என்று இருப்பது காற்றுக்குறி மட்டும்தான். புதிதாக ஆட வருகிறவர்கள் எல்லாரும் சொல்லி வைத்தாற்போல் மூன்று கேள்விகளைக் கேட்கிறார்கள். குறியைப் பெரிதாக வரைந்தால் புயல் வருமா? பாயிலேயே வரைந்துவிட்டால் படகு தானாக ஓடுமா? எதிரியின் மூச்சை நிறுத்தலாமா? மூன்றுக்கும் அடியில் ஒரே ஒரு தவறான எண்ணம் இருக்கிறது: குறி காற்றை உண்டாக்குகிறது என்பது. உண்டாக்குவதில்லை. அது செய்வது வேறு வேலை.

மூச்சு உள்ளே வருவது எப்படி

ஒரு மூச்சு இழுத்துப் பாருங்கள். 'இழுத்து' என்றுதான் சொல்கிறோம். உண்மையில் காற்றைப் பிடித்து இழுக்க உடம்பில் எந்தக் கையும் இல்லை. நெஞ்சுக்கும் வயிற்றுக்கும் நடுவில் உள்ள உதரவிதானம் என்ற தசை கீழே இறங்குகிறது, விலா எலும்புகள் விரிகின்றன, நுரையீரலுக்குள் இடம் கூடுகிறது. அதே அளவு காற்று கூடுதல் இடத்தில் பரவுவதால் உள்ளே அழுத்தம் குறைகிறது. சாதாரண மூச்சில் இந்தக் குறைவு ஆயிரத்தில் ஒரு பங்குதான். அவ்வளவு போதும். வெளியில் உள்ள காற்று தானாக உள்ளே வந்துவிடும். ஸ்ட்ரா வைத்துக் குடிக்கும்போதும் இதுவே நடக்கிறது: வாய்க்குள் அழுத்தத்தைக் குறைப்பது மட்டும்தான் நம் வேலை, பானத்தை மேலே தள்ளிவிடுவது வெளிக்காற்று.

காற்றழுத்தம் என்பது நமக்கு மேலே குவிந்திருக்கும் காற்றின் பாரம். தொரிச்செல்லி என்ற இத்தாலியர், நாம் ஒரு காற்றுக் கடலின் அடியில் வாழ்கிறோம் என்று 1644-இல் கடிதம் ஒன்றில் எழுதினார். காற்றுக்கு எடை ஏது என்று தோன்றலாம். ஒரு கன மீட்டர் காற்று ஏறத்தாழ 1.2 கிலோ. 5 மீட்டர் நீளம், 4 மீட்டர் அகலம், 3 மீட்டர் உயரம் உள்ள அறையில் இருக்கும் காற்றை மட்டும் தராசில் வைக்க முடிந்தால் 72 கிலோ காட்டும். ஓர் ஆள் எடை. கடல் மட்டத்தில் ஒவ்வொரு சதுர மீட்டரையும் காற்று சுமார் 10 டன் பாரத்தோடு அழுத்துகிறது. எல்லாப் பக்கமும் ஒரே அளவில் அழுத்துவதால்தான் நமக்கு உறைப்பதில்லை.

அந்தச் சமநிலை ஒரு பக்கம் கொஞ்சம் குலைந்தால் காற்று நகரும். காற்று வீசுவது என்றால் இவ்வளவுதான். தண்ணீர் பள்ளத்தைத் தேடுவதுபோல, அழுத்தம் கூடிய இடத்திலிருந்து குறைந்த இடத்துக்குப் போகிறது.

சரி, இதை வைத்துக்கொண்டு குறிக்கு வருவோம்: குறி ஊதுவதில்லை. பள்ளம் பறிக்கிறது. காற்று தானாக வருகிறது.

வரப்பு, பள்ளம், மேடு, மடை

என் உலகத்துக் குறியில் நான்கு உறுப்புகள் உண்டு. பெயர்களை வயலிலிருந்து எடுத்துக்கொண்டேன். தண்ணீர் பாய்ச்சுகிறவருக்கு இதைச் சொல்லிக் கொடுக்கவே வேண்டாம்.

முதலில் வரப்பு. ஓர் இடத்தை வெளிக்காற்றிலிருந்து பிரித்து வைக்கும் மூடிய கோடு அது. வரப்பு இல்லாமல் எந்தக் குறியும் வேலை செய்யாது. எதற்குள் அழுத்தத்தைக் குறைப்பது என்று குறிக்குத் தெரியாது. வரப்பின் நடுவில் ஒரு சுழி. உள்நோக்கிச் சுற்றினால் அது பள்ளம், வரப்புக்குள் அழுத்தம் குறையும். வெளிநோக்கிச் சுற்றினால் மேடு, அழுத்தம் கூடும். (பிள்ளையார் சுழி போடும் பழக்கத்தில் முதல் மாணவர்கள் எல்லாரும் மேட்டையும் பள்ளத்தையும் குழப்புவார்கள் என்று எங்கள் ஆட்டத்தில் ஒரு நகைச்சுவை உண்டு.) கடைசியாக மடை: வரப்பில் வேண்டுமென்றே விடும் இடைவெளி. காற்று புகுவதும் வெளியேறுவதும் அதன் வழியாகத்தான்.

வரப்பை வட்டமாக வரையாமல் அறுகோணமாக வரைகிறேன். அது நானாக யோசித்ததில்லை. சைவ சித்தாந்தத்தில் ஐந்து பூதங்களுக்கும் வடிவம் உண்டு: நிலத்துக்கு நாற்கோணம், நீருக்கு அரைமதி, தீக்கு முக்கோணம், காற்றுக்கு அறுகோணம், வானுக்கு வட்டம். காற்றின் நிறம் கருமை. அதனால் என் உலகத்தில் குறிகளை விளக்குக் கரியை எண்ணெயில் குழைத்து எழுதுகிறார்கள்.

ஒரு குறி உயிர் பெறுவதைக் கிட்டே நின்று பார்த்தால் இப்படி இருக்கும். பலகையில் கை அகல அறுகோணம் ஒன்று, நடுவில் பள்ளச் சுழி. ஒரு மூலையில் மட்டும் விரல் அகலத்துக்குக் கோடு விட்டுப் போயிருக்கிறது. அந்த இடைவெளிக்கு வெளியே, ஒரு சாண் தள்ளி, கோழியின் மென்சிறகு ஒன்றை வைக்கிறார்கள். சுழியின் கடைசிப் புள்ளியை வைக்கும்வரை ஒன்றும் நடக்காது. வைத்ததும் சிறகு மடையை நோக்கி நகர்கிறது. மெல்ல நகர்ந்தால் குறி சரி. துள்ளிப் போய் ஒட்டிக்கொண்டால் பள்ளம் அதிகம், சுழியில் ஒரு சுற்றைத் துடைத்துவிட வேண்டும்.

மின்னல், நீல ஒளி எதுவும் கிடையாது. ஆட வந்தவர்களில் பாதிப் பேருக்கு இதில் வருத்தம்.

நம் உலகத்திலும் காற்றுக்குறி உண்டு, வானிலை வரைபடங்களில். ஒரு கோடு, அதன் நுனியில் இறகுபோல் சில கீற்றுகள். முழுக் கீற்று 10 நாட், அரைக் கீற்று 5 நாட், முக்கோணக் கொடி 50 நாட். (ஒரு நாட் என்பது மணிக்கு 1.852 கிலோமீட்டர்.) புதிதாகப் பார்க்கிறவர்கள் இறகுள்ள நுனியை அம்பு முனையாக எடுத்துக்கொண்டு திசையைத் தலைகீழாகப் படிப்பார்கள். அந்த நுனி காட்டுவது காற்று எங்கிருந்து வருகிறது என்பதை. தமிழில் பெயர் வைத்ததும் அப்படித்தான்: வடக்கிலிருந்து வருவது வாடை, தெற்கிலிருந்து வருவது தென்றல். போகிற இடத்தை வைத்து யாரும் பெயர் சொல்வதில்லை. காற்றுக்குறியை யோசிக்கும்போதும் இந்தப் பழக்கம் உதவும். முதல் கேள்வி எப்போதும் 'எங்கிருந்து?'

எவ்வளவு பள்ளம் போதும்

இங்கேதான் எல்லாரும் ஏமாறுகிறார்கள். வலுவான காற்றுக்குப் பெரிய அழுத்த வேறுபாடு வேண்டும் என்று நினைப்பு. கணக்குப் போட்டால் வேறு மாதிரி வருகிறது.

நொடிக்கு 10 மீட்டர், அதாவது மணிக்கு 36 கிலோமீட்டர் வேகத்தில் காற்று வீச, அழுத்தத்தில் பத்தாயிரத்தில் 6 பங்கு குறைந்தால் போதும். நூற்றில் ஒரு பங்கு குறைந்தால், தடையில்லாத மடையில் புகும் காற்றின் வேகம் மணிக்கு ஏறத்தாழ 150 கிலோமீட்டர். ஒரே ஒரு சதவீதம்! ஆகவே என் உலகத்தில் நல்ல குறிகாரர் என்றால் மிக மெல்லிய பள்ளம் போடத் தெரிந்தவர். ஆழமாகப் போடுவது யாருக்கும் வரும்.

இன்னொன்றையும் சேர்த்துப் பாருங்கள். காற்றின் வேகம் இரண்டு மடங்கானால் அது தள்ளும் விசை நான்கு மடங்காகும். நொடிக்கு 10 மீட்டர் காற்று, தனக்கு நேரே நிற்கும் ஒரு சதுர மீட்டர் பலகையைச் சுமார் 6, 7 கிலோ பாரம்போல் தள்ளும். 20 மீட்டர் காற்று 25 கிலோவுக்கு மேல். சிறு பிழை பெரிய அடியாக வந்து விழுவது இதனால்தான்.

குறியின் அளவுக்கும் வேகத்துக்கும் சம்பந்தம் இல்லை. பெரிய மடையில் அதிகக் காற்று போகும், வேகமான காற்று போகாது. வேகத்தை முடிவு செய்வது பள்ளத்தின் ஆழம்.

பொக்கென்று தீர்ந்துபோகும் காற்று

ஃபிரீசரின் கதவைத் திறந்து மூடிவிட்டு, உடனே மறுபடி திறக்கப் பார்த்திருக்கிறீர்களா? சில நொடிகள் கதவு வர மறுக்கும். உள்ளே புகுந்த வெதுவெதுப்பான காற்று குளிர்ந்து அழுத்தம் குறைந்துவிட்டது. வெளிக்காற்று கதவை அழுத்திப் பிடிக்கிறது. கொஞ்ச நேரம் கழித்துத் திறந்தால் சுலபமாக வரும். இடுக்கு வழியாகக் காற்று கசிந்து உள்ளே போய்ப் பள்ளத்தை நிரப்பியிருக்கும்.

அந்த 'நிரம்புதல்' என்பதைத்தான் கதைகள் மறந்துவிடுகின்றன. முன்னே சொன்ன அறையை முழுக்க அடைத்து, உள்ளே அழுத்தத்தை ஒரு சதவீதம் குறைத்ததாக வைத்துக்கொள்வோம். ஒரு மீட்டர் நீளம், 10 சென்டிமீட்டர் அகலத்தில் ஒரு இடுக்கைத் திறந்துவிட்டால் என்ன ஆகும்? புயல் வேகத்தில் காற்று புகும், ஆனால் அரை நொடிகூட நீடிக்காது. நிரப்ப வேண்டியது 0.6 கன மீட்டர்தானே. பொக்கென்று ஒரு சத்தம், அவ்வளவுதான்.

காற்று தொடர்ந்து வீச வேண்டும் என்றால், வந்த காற்றை எங்காவது அனுப்பிக்கொண்டே இருக்க வேண்டும். அதனால் உருப்படியான குறி எதுவும் தனியாக இருப்பதில்லை. இங்கே ஒரு பள்ளம், வேறோர் இடத்தில் அதன் மேடு. பள்ளத்தில் விழுந்த காற்று மேட்டிலிருந்து வெளியே வரும். இந்த ஜோடிக்கு இணைக்குறி என்று பெயர்.

இதுவும் நிஜக் காற்றிலிருந்து எடுத்ததுதான். பகலில் நிலம் கடலைவிடச் சீக்கிரம் சூடாகிறது. நிலத்தின் மேல் உள்ள காற்று லேசாகி மேலே எழும்ப, கடலிலிருந்து காற்று உள்ளே வருகிறது. மேலே போனது உயரத்தில் கடல் பக்கம் திரும்பி, அங்கே கீழே இறங்கி, மறுபடி வருகிறது. கரையில் நிற்கிற நமக்குக் கீழ்ப்பகுதி மட்டும்தான் தெரியும், அதற்குக் கடற்காற்று என்று பெயர். திரும்பிப் போகும் பாதி இல்லாவிட்டால் அது கொஞ்ச நேரத்தில் நின்றுபோகும்.

மூச்சு பற்றிய மூன்றாவது கேள்விக்கு இங்கேயே பதில் வந்துவிட்டது. நெஞ்சே ஒரு பள்ளக்குறிதான். அதைத் தோற்கடிக்க வேண்டுமானால் எதிரியின் முகத்தைச் சுற்றி இடைவெளி இல்லாத வரப்பு போட வேண்டும். அவ்வளவு நேரம் முகத்தை நீட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கும் எதிரிக்கு மந்திரம் தேவையில்லை.

இதுவரை பார்த்ததை ஒரு தடவை சேர்த்துக்கொள்வோம். வேறுபாடு வேகத்தைத் தருகிறது. மடையின் அகலம் அளவைத் தருகிறது. இணை இருந்தால் காற்று நீடிக்கும். மிச்சம் இருப்பது கூலி.

கூலி யார் கொடுப்பது

10 சதுர மீட்டர் மடை, அதில் நொடிக்கு 10 மீட்டர் காற்று. ஒரு சிறிய பாய்மரப் படகுக்கு உரிய அளவுதான். நொடிக்கு 100 கன மீட்டர், அதாவது 120 கிலோ காற்றை நகர்த்த வேண்டும். அதற்கான சக்தி 6,000 வாட், ஏறத்தாழ 8 குதிரைத்திறன். நாள் முழுக்க உழைக்கும் மனிதரால் தொடர்ந்து தர முடிவது சுமார் 75 வாட். எண்பது பேர் சேர்ந்து மிதித்தால் இந்த ஒரு குறி ஓடும். வேகத்தை இரட்டிப்பாக்கினால் சக்தி எட்டு மடங்கு வேண்டும். அப்போது அறுநூறு பேருக்கு மேல். 'மன வலிமையால் காற்றை ஆள்கிறார்' என்று எழுதும்போது இந்தக் கணக்கு கொஞ்சம் உறுத்த வேண்டும்.

அப்படியானால் சக்தி எங்கிருந்து வருகிறது? என் உலகத்தில், தண்ணீரின் சூட்டிலிருந்து. இணைக்குறியின் சுழிகளிலிருந்து ஒரு கரிக்கோடு படகில் உள்ள தண்ணீர்த் தொட்டிக்குப் போகும். குறி ஓட ஓடத் தொட்டி குளிரும். தொட்டியில் 500 லிட்டர் இருந்தால் மணிக்குச் சுமார் 10 டிகிரி இறங்கும். 25 டிகிரியில் தொடங்கிய தண்ணீர் இரண்டரை மணி நேரத்தில் உறையும் நிலைக்கு வந்துவிடும்.

ஆனால் குறி அங்கே நின்றுவிடாது. தண்ணீர் பனிக்கட்டியாகும்போது வெப்பநிலை மாறாமலே நிறைய வெப்பத்தை வெளியே விடும். அதற்கு உள்ளுறை வெப்பம் என்று பெயர். ஒரு லிட்டரை ஒரு டிகிரி குளிர்விக்கும்போது கிடைப்பதைப்போல 80 மடங்கு. ஆக, தொட்டி முழுவதும் கட்டியாக இன்னும் ஏழரை மணி நேரத்துக்கு மேல் ஆகும். காலையில் தண்ணீரோடு கிளம்பிய படகு இரவில் அரை டன் பனிக்கட்டியோடு கரைசேரும். மீன் பிடிக்கிறவர்களுக்கு இதைவிட என்ன வேண்டும்? இது நான் திட்டமிட்டு வைத்ததில்லை, கணக்கு போட்டபோது தானாக வந்து விழுந்தது.

இதில் ஒரு பொய் இருக்கிறது, ஒத்துக்கொள்கிறேன். நிஜத்தில் ஒரே வெப்பநிலையில் உள்ள தண்ணீரிலிருந்து சூட்டை எடுத்து அப்படியே வேலையாக மாற்ற முடியாது. சூடான ஒன்றும் குளிர்ந்த ஒன்றும் இருந்தால்தான் எந்த எஞ்சினும் ஓடும். வெப்ப இயக்கவியலின் இரண்டாம் விதி சொல்வது இதைத்தான். என் குறி மீறுவது அந்த ஒரு விதியை மட்டும். மந்திரம் அங்கே இருக்கிறது. மற்றதெல்லாம் சாதாரணக் காற்று.

தன் பாயைத் தானே ஊதும் படகு

இப்போது இரண்டாவது கேள்வி. படகில் உட்கார்ந்துகொண்டு, அதே படகின் பாய்க்குப் பின்னால் மேட்டுக்குறி போட்டு ஊதினால் என்ன? படகில் ஒரு பெரிய மின்விசிறியை வைத்துப் பாயைப் பார்த்து ஓடவிட்டதுபோல்தான். விசிறி காற்றை முன்னே தள்ளும்போது படகைப் பின்னே தள்ளுகிறது. அந்தக் காற்று பாயில் பட்டுப் படகை முன்னே தள்ளுகிறது. இரண்டும் பெரும்பாலும் ஒன்றை ஒன்று தின்றுவிடும்.

பாயைச் சுருட்டி வைத்துவிட்டுக் குறியைத் திருப்பிப் போடுவதுதான் வழி. பள்ளம் படகின் முன்பக்கம், மேடு பின்பக்கம். முன்னால் உள்ள காற்றை எடுத்துப் பின்னால் வீச, படகு முன்னே போகும். விமானத்தின் புரொப்பெல்லரும் இதையே செய்கிறது. அப்படியானால் பாய்மரம் எதற்கு என்று ஆட்டத்தில் ஒருவர் கேட்டார். நியாயமான கேள்வி. குறி போட்ட படகுகளில் பாய் இருப்பது தண்ணீர் கட்டியாகிப்போன பிறகு வீடு திரும்ப.

பாய் விரிப்பவர் கூலி கொடுப்பதில்லை. சூரியன் ஏற்கெனவே உண்டாக்கி வைத்த மேடு பள்ளத்தை அவர் பயன்படுத்திக்கொள்கிறார். கரிகாலனின் முன்னோன் ஒருவன் காற்றின் தொழிலை ஆண்டு கடலில் கலம் ஓட்டினான் என்று சங்கப் பாடல் ஒன்று புகழ்கிறது. காற்றைப் படைத்தான் என்று அதில் இல்லை.

முடிச்சில் கட்டிய காற்று

வட ஐரோப்பிய மாலுமிகளிடையே ஒரு நம்பிக்கை இருந்தது. மந்திரக்காரர்கள் கயிற்றில் மூன்று முடிச்சு போட்டுக் காற்றை விற்பார்களாம். முதல் முடிச்சை அவிழ்த்தால் இதமான காற்று, இரண்டாவதில் பலத்த காற்று, மூன்றாவதை அவிழ்த்தால் புயல். என் உலகத்திலும் இப்படி ஒன்று உண்டு: மடையே இல்லாத மேட்டுக்குறி. உள்ளே காற்று நெருக்கி அடைபட்டிருக்கும். வரப்பில் ஒரு இடத்தைத் துடைத்தால் வெளியே பாயும். காற்றடித்த சைக்கிள் டியூப்தான் அது. ஒரு தடவைதான் பயன்படும்.

அந்தப் புயல் கேள்வி

பெரிய பள்ளம் போட்டுப் புயலை வரவழைக்க முடியுமா? பள்ளத்தை எவ்வளவு தூரத்துக்கு விரிக்கிறோம் என்பதைப் பொறுத்தது அது. சிறிய குறிக்கும் புயலுக்கும் நடுவில், அளவைத் தவிர இன்னொரு விஷயம் குறுக்கே வருகிறது: உலகம் சுழல்வது.

சுழலும் கோளில் நீண்ட தூரம் போகும் காற்று நேராகப் போகாது, ஒரு பக்கமாக வளையும். பூமியின் வடபாதியில் அது தன் வலப்பக்கம் வளைகிறது, தென்பாதியில் இடப்பக்கம். 1835-இல் இதைக் கணக்கில் எழுதிய பிரெஞ்சுக்காரரின் பெயரால் கொரியோலிஸ் விளைவு என்கிறார்கள். பள்ளத்தை நோக்கி வரும் காற்று வளைந்து வளைந்து, அதில் நேரே விழாமல் சுற்ற ஆரம்பித்துவிடும். பள்ளம் சீக்கிரம் நிரம்பாது. புயல் நாள் கணக்கில் உயிரோடு இருக்க இது ஒரு காரணம். 1979-இல் பசிபிக் கடலில் வந்த டிப் என்ற சூறாவளியின் நடுவில் அழுத்தம் 870 மில்லிபார் வரை இறங்கியது. கடல் மட்டத்தின் சராசரி 1,013. பதினாலு சதவீதப் பள்ளம், அத்தனை காற்று சுற்றியும் உடனே நிரம்பவில்லை.

இந்த வளைவு உறைக்க நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் வேண்டும். கை கழுவும் தொட்டியில் தண்ணீர் எந்தப் பக்கம் சுழல்கிறது என்பதை இதோடு முடிச்சுப் போடுவது பழைய கட்டுக்கதை. அது தொட்டியின் வடிவத்தையும் தண்ணீர் விழுந்த விதத்தையும் பொறுத்தது. படகளவு குறிக்கும் அப்படியே. என் உலகத்தின் வடபாதியில் பள்ளச் சுழியை இடமாகவும் தென்பாதியில் வலமாகவும் சுற்றுகிறார்கள். மாற்றிச் சுற்றினால் குறி பலிக்காது என்று இரு பக்கத்துக் குறிகாரர்களும் அடித்துச் சொல்வார்கள். எந்தப் பக்கம் சுற்றினாலும் சிறகு அதே வேகத்தில்தான் மடைக்குப் போகிறது.